கனவு வேட்டைக்காரர்கள்

நாவல் எழுதுகிறவன் இன்னொருவருடைய நாவலைப் பற்றி எழுத உட்காருவது கொஞ்சம் சங்கடமான காரியம். பாராட்டினால் நாகரிகத்துக்காகச் சொல்கிறான் என்பார்கள். குறை சொன்னால் வயிற்றெரிச்சல் என்பார்கள். நல்ல வேளையாக நான் எழுத எடுத்துக்கொண்டிருக்கும் ஆசிரியர் வெகு தூரத்தில் இருந்தவர். செர்பிய மொழியில் எழுதியவர். 1929ல் பெல்கிரேடில் பிறந்து 2009ல் அங்கேயே காலமானவர். மிலோராத் பாவிச் என்று பெயர். அவருடைய 'கசார் அகராதி' என்ற நாவல் 1984ல் வெளிவந்தது. 1988ல் வந்த இங்கிலீஷ் மொழிபெயர்ப்பில்தான் நான் அதைப் படித்தேன். மூன்று தடவை படித்திருக்கிறேன். முதல் தடவை பிரமித்தேன், இரண்டாம் தடவை எரிச்சல்பட்டேன், மூன்றாம் தடவைதான் படித்தேன் என்று சொல்லவேண்டும்.

புஸ்தகத்தின் அமைப்பை முதலில் சொல்லிவிடுகிறேன். பெயரில் இருப்பதுபோலவே அது ஓர் அகராதி. கதை ஆரம்பம், நடு, முடிவு என்று ஓடவில்லை. அகரவரிசையில் ஆட்களும் இடங்களும் சங்கதிகளும் வருகின்றன. மூன்று பாகங்கள்: சிவப்புப் புஸ்தகம் கிறிஸ்தவர்கள் சொல்வது, பச்சைப் புஸ்தகம் முஸ்லிம்கள் சொல்வது, மஞ்சள் புஸ்தகம் யூதர்கள் சொல்வது. ஒரே ஆள் மூன்றிலும் வருவான்; மூன்றிலும் வேறு வேறாக இருப்பான். எங்கே வேண்டுமானாலும் ஆரம்பிக்கலாம், எங்கே வேண்டுமானாலும் நிறுத்தலாம் என்கிறார் ஆசிரியர். மொழிக்கு மொழி அகரவரிசை மாறுவதால், மொழிபெயர்க்கும்போது புஸ்தகத்தின் வரிசையும் மாறிப்போகிறது. இது தவிர ஆண் பிரதி, பெண் பிரதி என்று இரண்டு பிரதிகள். இரண்டுக்கும் ஒரு சிறு பத்திதான் வித்தியாசம். இந்த யுக்திகளைப் பற்றியே பேசி, புஸ்தகத்தைப் பற்றிப் பேசிவிட்டதாக நினைத்துக்கொண்ட விமரிசகர்கள் நிறைய. எனக்கு யுக்திகளில் அவ்வளவு சிரத்தை இல்லை. கல்லூரியில் இரண்டு வருஷத்துக்கு மேல் தாக்குப்பிடிக்காதவன் நான். அமைப்பு பற்றிய பெரிய தத்துவங்கள் எனக்கு எட்டுவதில்லை. புஸ்தகத்துக்குள் ஒரு ரகசியக் கூட்டம் இருக்கிறது. அதைப் பற்றித்தான் எழுத வேண்டும் என்று தோன்றுகிறது.

கசார்கள் பாவிச்சின் கற்பனை அல்ல. காஸ்பியன் கடலுக்கும் கருங்கடலுக்கும் நடுவே சில நூற்றாண்டுகள் பெரிய ராஜ்யம் நடத்தியவர்கள். கீவ் நகரத்து அரசன் ஸ்வியாதொஸ்லாவ் 965ஆம் வருஷ வாக்கில் அவர்களை முறியடித்தான். அதற்குப் பிறகு அவர்கள் சரித்திரத்திலிருந்து மெள்ள மறைந்தார்கள். அவர்களுடைய ஆளும் வர்க்கம் யூத மதத்தைத் தழுவியது என்பது பழைய செய்தி. 1140ஐ ஒட்டி யெஹுதா ஹலேவி என்ற யூதக் கவி இதையே வைத்து ஒரு தத்துவ நூல் எழுதினார். அதில் கசார் அரசனுக்கு ஒரு சொப்பனம் வருகிறது. உன் எண்ணம் ஆண்டவனுக்குப் பிடித்திருக்கிறது, செயல் பிடிக்கவில்லை என்கிற பொருளில் ஒரு தேவதூதன் சொல்கிறான். அரசன் கலங்கிப்போய் ஒவ்வொரு மதத்தாரையும் கூப்பிட்டு விசாரிக்கிறான். பாவிச்சும் இந்த இடத்தில்தான் பிடித்துக்கொள்கிறார். அரசனின் கனவுக்கு மூன்று மதத்தவர் அர்த்தம் சொல்ல வருகிறார்கள். மூன்று புஸ்தகங்களும் ஜெயித்தது தங்கள் ஆள் என்கின்றன. மூன்று மதங்களும் கசார்களைப் பற்றிப் பேசுகின்றன. கசார்கள் பேசுவதற்கு ஒரு புஸ்தகமும் இல்லை.

அவர்களுக்கு மிஞ்சியது கனவு. அதே என்ற இளவரசியின் ஆதரவில் ஒரு பூசாரிக் கூட்டம் இருந்ததாகப் பாவிச் சொல்கிறார். கனவு வேட்டைக்காரர்கள் என்று பெயர். மற்றவர்களுடைய கனவுக்குள் நுழைந்து, சொந்த வீட்டில் நடமாடுவதுபோல் நடமாடி, அங்கே ஓர் ஆளையோ மிருகத்தையோ பொருளையோ துரத்திக்கொண்டு கனவுக்குக் கனவு தாண்டுகிறவர்கள். தூங்கும்போதும் அவர்களுக்குப் பிரக்ஞை தவறுவதில்லை. இந்த வேட்டைக்கு ஒரு லட்சியமும் உண்டு. ஆதி மனிதனாகிய ஆதாமின் உடல் துண்டு துண்டாக மனிதர்களின் கனவுகளில் சிதறிக் கிடக்கிறது. ஒவ்வொரு துண்டாகச் சேகரித்து அகராதியில் பதிந்துகொண்டே போனால் ஒருநாள் அந்த உடலைப் பூமியில் கூட்டிவிடலாம். கசார் அகராதி என்பது இந்த வேட்டைக்காரர்களின் கணக்குப் புஸ்தகம்.

இதைப் படித்தபோது ஏன் இது எனக்கு இவ்வளவு பிடித்தது என்று யோசித்துப் பார்த்தேன். ரகசியச் சங்கங்களைப் பற்றிய கதைகள் ஏராளம். பெரும்பாலானவற்றில் ரகசியம் மட்டும்தான் இருக்கும், சங்கத்துக்கு வேலை இருக்காது. முகமூடி, மோதிரம், நிலவறை, சத்தியப் பிரமாணம் எல்லாம் இருக்கும். கூடி உட்கார்ந்து என்ன செய்கிறார்கள் என்று கேட்டால் ஆசிரியரிடம் பதில் கிடையாது. பாவிச்சின் கூட்டத்துக்கு வேலை இருக்கிறது. தினமும் செய்யவேண்டிய, ஒருவனால் மட்டும் செய்து முடிக்க முடியாத, ஆபத்தான வேலை. அதனால்தான் சங்கம் தேவைப்படுகிறது. இளவரசி அதேயின் சாவையே எடுத்துக்கொள்ளுங்கள். தூங்கும்போது எதிரிகள் நெருங்காமல் இருக்க அவள் தன் கண் இமைகளில் எழுத்துக்களை எழுதிக்கொள்கிறாள். படித்தவன் செத்துப்போவான். குருடர்கள்தான் எழுதிவிடுவார்கள். ஒருநாள் யாரோ இரண்டு கண்ணாடிகள் கொண்டுவருகிறார்கள். ஒன்று வேகமானது, மற்றது மந்தமானது. கண் சிமிட்டுவதற்கு முன்னும் பின்னும் உள்ள அவள் முகத்தை அவை காட்டுகின்றன. மூடிய இமையில் இருந்த எழுத்தை அவளே பார்த்துவிடுகிறாள். ஒரு பக்கத்துக்குள் அடங்குகிற கதை இது. இதை எழுதியவன் கதை சொல்லத் தெரிந்தவன் என்பதில் யாருக்கும் சந்தேகம் வராது.

கனவு என்று தெரிந்தே கனவு காண்பது சாத்தியமா என்று வாசகர்கள் கேட்கக்கூடும். சாத்தியம்தான். ஐரோப்பாவில் இதை முறையாக எழுதிவைத்தவர்கள் ஒன்றிரண்டு பேர் உண்டு. பாரிஸில் சீன மொழிப் பேராசிரியராக இருந்த எர்வே த சேன் தெனி என்பவர் பதின்மூன்றாம் வயதிலிருந்து தம் கனவுகளை நோட்டில் எழுதி, 1867ல் பெயர் போடாமல் ஒரு புஸ்தகம் வெளியிட்டார். கனவுகளையும் அவற்றை நடத்திச்செல்லும் வழிகளையும் பற்றியது அது. ஹாலந்து தேசத்து பிரெடெரிக் வான் ஏடன் நம் ஜாதி. நாவலாசிரியர், மனநோய் வைத்தியரும்கூட. 1898லிருந்து 1912 வரை இப்படிப்பட்ட 352 கனவுகளைக் கண்டதாகக் கணக்கு வைத்திருந்தார். இதற்கென்று இன்று உலகம் வழங்கும் பெயர் அவர் 1913ல் எழுதிய கட்டுரையிலிருந்து வந்ததுதான். தெளிந்த கனவு என்று தமிழில் சொல்லலாம். அதற்கு நாலு வருஷம் முன்பே, 1909ல், தம் அனுபவங்களை ஒரு நாவலில் போட்டிருந்தார். இன்னொரு விசேஷம். கனவுக் கணக்கு ஆரம்பித்த அதே 1898ல்தான் அவர் பூசம் என்ற ஊரில் பொதுவுடைமைக் குடியிருப்பு ஒன்றை ஏற்படுத்தினார். அது நொடித்து 1907ல் மூடப்பட்டது. பகலில் நடத்திய சங்கம் ஒன்பது வருஷம்தான் தாங்கியது. ராத்திரியில் ஒரே அங்கத்தினரை வைத்து நடத்தியது பதினாலு வருஷம் ஓடியது.

இதெல்லாம் ஒருவர் சொல்ல மற்றவர் நம்பவேண்டிய விஷயமாகவே வெகுநாள் இருந்தது. 1975ல் இங்கிலாந்தில் ஹல் நகரத்துச் சர்வகலாசாலையில் கீத் ஹேர்ன் என்ற ஆராய்ச்சியாளர் சாட்சியம் பிடித்தார். தூங்குகிறவனின் உடம்பு அசையாது, ஆனால் கண் அசையும். ஆகவே, கனவில் இருக்கிறோம் என்று தெரிந்த உடனே கண்ணை இடமும் வலமுமாக இத்தனை தடவை அசைக்கவேண்டும் என்று முன்கூட்டியே பேசி வைத்துக்கொண்டார்கள். தூங்கியவர் அப்படியே அசைத்தார், கருவி பதிந்துகொண்டது. பிறகு அமெரிக்காவில் ஸ்டீபன் லபெர்ஜ் இதையே விரிவாகச் செய்தார். 2021ல் வெளிவந்த ஆராய்ச்சி ஒன்றில், நாலு தேசங்களில் 36 பேரைத் தூங்கவைத்து, கனவிலிருக்கும்போது வெளியிலிருந்து கேள்வி கேட்டார்கள். எட்டிலிருந்து ஆறு போனால் எத்தனை என்று கேட்க, தூங்குகிறவர் கண்ணை இரண்டு தடவை அசைத்துப் பதில் சொன்னார். எல்லோரும் எல்லாத் தடவையும் சொல்லிவிடவில்லை; சிலர் சொன்னார்கள். பாவிச் பூசாரிகளுக்குக் கொடுத்த தொழிலின் முதல் பாடத்தை வெள்ளைக்கோட்டுப் போட்டவர்கள் படித்துவிட்டார்கள் என்று சொல்லலாம்.

இந்த இடத்தில் என் சொந்த விஷயம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். சொல்லாவிட்டால் நாவலைப் பற்றிய என் அபிப்பிராயம் எங்கிருந்து வருகிறது என்று விளங்காது.

என் தகப்பனார் நெல்மண்டியில் கணக்கு எழுதினவர். நான் கதை எழுதுவது அவருக்குப் பிடிக்காது. அவர் சாவதற்கு நாலு நாள் முன்பு, "ஒரு விஷயம் பேசணும், வந்துட்டுப் போ" என்று சொல்லி அனுப்பினார். தொடர்கதையின் கடைசி அத்தியாயத்தை முடித்துக் கொடுத்துவிட்டுப் போகலாம் என்று இருந்துவிட்டேன். அத்தியாயம் முடிந்தது; அவரும் முடிந்துபோனார். என்ன விஷயம் என்று அம்மாவுக்கும் தெரியவில்லை. பல வருஷம் கழித்து இந்தத் தெளிந்த கனவு சமாசாரத்தைப் படித்தபோது எனக்கு ஓர் ஆசை வந்தது. வான் ஏடன்கூட 1903ல் ஒரு கனவில், இறந்துபோன தம் மைத்துனரைச் சந்தித்துப் பேசியதாக எழுதியிருக்கிறார். நான் தலைமாட்டில் நோட்டு வைத்துக்கொண்டேன். பகலில் அடிக்கடி விரல்களை எண்ணிப் பார்த்து, இது கனவா என்று கேட்டுக்கொள்ளும் பழக்கத்தை ஏற்படுத்திக்கொண்டேன். என் மனைவி எனக்குப் புத்தி பிசகிவிட்டது என்று பயந்தாள். ஐந்து மாதம் கழித்து ஒரு விடியற்காலம் அது கிடைத்தது. நாங்கள் விற்றுவிட்ட வீட்டின் திண்ணையில் அப்பா உட்கார்ந்திருந்தார். வீடு விற்றாகிவிட்டதே என்று நினைத்தேன். உடனே இது கனவு என்று தெரிந்துவிட்டது. பக்கத்தில் போய், "என்னப்பா சொல்லணும்னு கூப்பிட்டீங்க?" என்று கேட்டேன். அவர் என் முகத்தைப் பார்த்து, "ஒண்ணுமில்லே, நீ எழுதறதை மட்டும் விட்டுடாதே" என்றார்.

விழித்துக்கொண்டேன். இருபது வருஷமாகச் சம்பாஷணை எழுதிப் பிழைக்கிறவன் நான். என் வாக்கியத்தின் ஓசை எனக்குத் தெரியும். அது அப்பா சொன்னது அல்ல. நான் அவர் வாயில் வைத்தது. அன்றைக்கு நோட்டை எடுத்துப் பெட்டியில் போட்டுவிட்டேன்.

இந்த அனுபவத்தோடு 'கசார் அகராதி'யை மூன்றாம் தடவை படித்தேன். பாவிச் ஏன் தம் வேட்டைக்காரர்களைச் சொந்தக் கனவில் வேட்டையாட விடவில்லை என்பது அப்போதுதான் புரிந்தது. சொந்தக் கனவில் தெளிவோடு நடக்கிறவன் எதைப் பிடித்தாலும் அவனையேதான் பிடிப்பான். அவர்கள் பிறத்தியார் கனவுக்குள் போகிறார்கள். தன் இஷ்டத்துக்கு வளையாத ஒன்று அங்கேதான் இருக்கிறது. நாவலாசிரியன் செய்யவேண்டியதும் இதுதானே? இதைக் கண்டுபிடித்ததற்காகப் பாவிச்சுக்கு நான் கடமைப்பட்டிருக்கிறேன்.

கண்டுபிடித்தவர் அதைக் கடைப்பிடித்தாரா என்பது வேறு கேள்வி. அநேக இடங்களில் இல்லை என்றுதான் சொல்லவேண்டியிருக்கிறது. புஸ்தகத்தில் டெர்விஷும் ரப்பியும் சந்நியாசியும் சைத்தானும் இளவரசியும் 1982ல் இஸ்தான்புல்லில் கூடும் பேராசிரியர்களும் பேசுகிறார்கள். எல்லோரும் பாவிச்சைப் போலவே பேசுகிறார்கள். எல்லோருக்கும் ஒரே மாதிரி உவமை வாய்க்கிறது. வாக்கியத்துக்கு வாக்கியம் ஓர் அதிசயம். அதிசயத்துக்குப் பக்கத்தில் அதிசயம் வைத்தால் இரண்டும் மங்கிப்போகும் என்பது கல்யாண வீட்டில் பரிமாறுகிறவனுக்குக்கூடத் தெரியும். இனிப்புக்கு நடுவே கொஞ்சம் ஊறுகாய் வைப்பான். தாம் கனவு காண்கிறோம் என்பது ஆசிரியருக்கு ஒவ்வொரு பக்கத்திலும் தெரிந்திருக்கிறது. எதையும் எங்கேயும் நகர்த்தலாம் என்ற தெம்பு அவருக்கு இருக்கிறது. அவரைத் தடுக்கிற கல் ஒன்றும் வழியில் இல்லை. என் அப்பா அந்தத் திண்ணையில் பேசியதுபோலத்தான் இவருடைய ஜனங்கள் பாதிப் பேர் பேசுகிறார்கள்.

ஆனால் ஒரு கதையில் அவர் தோற்றுப்போகிறார். அங்கேதான் நாவல் ஜெயிக்கிறது. பதினேழாம் நூற்றாண்டு. கான்ஸ்டான்டிநோபிளில் அவ்ராம் பிராங்கோவிச் என்ற பிரபு. துப்ரோவ்னிக்கில் சாமுவேல் கோஹன் என்ற யூதன். ஒருவரை ஒருவர் பார்த்ததில்லை. ஒருவன் தூங்கும்போது காண்பது மற்றவனுடைய பகலை. ஒருவன் விழித்திருக்க மற்றவன் தூங்கியாக வேண்டும். இருவரும் ஒருவரை ஒருவர் தேடுகிறார்கள். யூசுப் மசூதி என்ற வாத்தியக்காரன், சங்கீதத்தை விட்டுக் கனவு வேட்டைக்கு வந்தவன், இந்த இரட்டையைத் தேடி அலைகிறான். இப்படி ஒருவரை ஒருவர் கனவு காணும் இருவரைப் பிடிப்பதுதான் அந்தத் தொழிலில் உச்சம். 1689ல் டான்யூப் கரையில் துருக்கியப் படையும் ஆஸ்திரியர்களும் மோதிய யுத்தத்தில் மூவரும் ஓரிடத்துக்கு வந்து சேர்கிறார்கள். தூங்கிக்கொண்டிருந்த பிராங்கோவிச் கொல்லப்படுகிறான். அவனைக் கண்ணால் கண்ட மாத்திரத்தில் கோஹன் அடித்துப்போட்டாற்போல் சாய்ந்து, எழுப்பமுடியாத தூக்கத்தில் விழுகிறான். இத்தனை வருஷம் இன்னொருவன் வாழ்வைக் கனவு கண்டவன் இப்போது அவன் சாவைக் கனவு காண்கிறான். அந்தக் கனவிலிருந்து விழிப்பு இல்லை. மசூதி பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பதைத் தவிர ஒன்றும் செய்ய முடியவில்லை.

இந்தப் பக்கங்களில் உவமைகள் குறைந்துவிடுகின்றன. ஆசிரியரின் கை கொஞ்சம் நடுங்குகிறது என்று எனக்குத் தோன்றியது. சங்கத்தின் சாஸ்திரம் முழுவதும் கற்றவன், பிடிக்கவேண்டியதைப் பிடித்த க்ஷணத்தில், கையாலாகாதவனாக நிற்கிறான். எவ்வளவோ யுக்திகள் செய்து அலுக்கவைத்த புஸ்தகத்தில் இது ஒன்றுக்காகவே மற்றதையெல்லாம் மன்னிக்கலாம்.

இன்னொரு விஷயத்தையும் விட்டுவிடக்கூடாது. மறைந்துபோன சிறிய ஜனக்கூட்டம், சொந்த ராஜ்யத்திலேயே பின்னுக்குத் தள்ளப்பட்டவர்கள், சிதறிய உடலை ஒன்றுகூட்ட ரகசியமாகப் பாடுபடுகிறவர்கள் என்றெல்லாம் 1984ல் யூகோஸ்லாவியாவில் ஒருவர் எழுதினால் அங்கே எப்படிப் படித்திருப்பார்கள்? கசார்கள் என்றால் செர்பியர்கள் என்று படித்தவர்கள் உண்டு. இது தேசிய வெறிக்கு எண்ணெய் வார்த்த புஸ்தகம் என்று குற்றம் சாட்டிய விமரிசகர்களும் உண்டு. 1991ல் அந்தத் தேசம் உடையத் தொடங்கி, என்னென்ன நடந்தது என்பது உலகத்துக்குத் தெரியும். நாவல் யுத்தத்தை உண்டாக்கியது என்று நான் சொல்லமாட்டேன். நாவல்களுக்கு அவ்வளவு பலம் கிடையாது. ஆனாலும் குற்றச்சாட்டை ஒரேயடியாகத் தள்ளவும் முடியவில்லை. இழந்த உடலைச் சேர்க்கிற கனவு தனி மனிதனுக்கு இருந்தால் ஏக்கம். ஒரு கூட்டத்துக்கு இருந்தால் அதற்குப் பக்கத்து வீட்டுக்காரன் பதில் சொல்லவேண்டி வருகிறது. ஆனால் பிராங்கோவிச்சும் கோஹனும் வருகிற கதை இந்தக் குற்றச்சாட்டுக்கு நாவலுக்குள்ளேயே ஒரு மறுமொழி. செர்பியன் செத்தால் யூதனும் பிழைப்பதில்லை என்கிறது அது. ஆசிரியர் நினைத்து வைத்தாரோ நினைக்காமல் வைத்தாரோ, வைத்திருக்கிறார்.

சிலப்பதிகாரத்தில் கண்ணகி தான் கண்ட கனவைத் தோழியிடம் சொல்வதற்கென்றே ஒரு காதை இருக்கிறது. வரப்போகிற கேட்டைக் கனவு முன்னாலேயே சொல்லிவிடுகிறது. பரிகாரம் உண்டு என்று தோழி சொல்லியும் கண்ணகி அதற்கு உடன்படவில்லை. கனவைத் தன் வழிக்குத் திருப்பலாம் என்ற எண்ணமே அந்தப் பெண்ணுக்கு இல்லை. வேட்டைக்காரர்களின் கதையைப் படித்து முடித்ததும் எனக்கு ஏனோ அந்தக் காதைதான் நினைவுக்கு வந்தது.

'கசார் அகராதி'யை வாசகர்கள் படிக்கவேண்டும் என்றே சொல்வேன். ஒரே மூச்சில் படிக்கவேண்டாம், திகட்டிவிடும். அதே, மசூதி, பிராங்கோவிச், கோஹன் என்ற நாலு பெயர்களைத் தேடிப் படித்துவிட்டு மற்றதைப் பிறகு புரட்டிக்கொள்ளலாம். அகராதி என்பதால் யாரும் கோபித்துக்கொள்ளப்போவதில்லை. ஆண் பிரதியா பெண் பிரதியா என்ற கவலையும் வேண்டாம்.

நோட்டைப் பெட்டியில் போட்டு இரண்டு வருஷம் கழித்து அப்பா இன்னொரு தடவை வந்தார். அப்போது கனவு என்று எனக்குத் தெரியவில்லை. கூடத்தில் நின்றுகொண்டு மாடப்பிறையைத் தடவினார். "சுண்ணாம்பு டப்பியை யார் எடுத்தது?" என்று கேட்டார். என் பக்கம் திரும்பக்கூட இல்லை. நான் எழுந்து தேடப்போனேன், அதற்குள் விடிந்துவிட்டது. அது அவர்தான் என்று எனக்குக் கொஞ்சமும் சந்தேகம் இல்லை.